கழுத்து சாய்ந்த பக்கம்

உலகம் தோன்றிய நாளிலிருந்து இன்றுவரை ஒட்டுமீசை ஒரு குற்றத்தைக்கூடக் கண்டுபிடித்ததில்லை.

இதை மூளைக்காரர் எழுந்து நின்று சொன்னார். வாடகைக் காருக்குள் எழுந்து நின்றதால் தலை கூரையில் இடித்தது. கருத்தில் மாற்றம் ஏற்படவில்லை.

“மாறுவேடம் போடுறவன் துப்பறிவாளன் இல்ல மாப்ள, நாடகக்காரன்,” என்றார், உட்கார்ந்து தலையைத் தடவியபடி. “மூளை இருக்கிறவனுக்கு அவன் முகமே போதும். அது இல்லாதவன்தான் ஒட்டுமீசை தேடி அலைவான்.”

“உங்க முகத்தை வச்சுக்கிட்டு இதைச் சொல்ல ஒரு துணிச்சல் வேணும் மாமா,” என்றான் மச்சினன்.

மூளைக்காரரின் அலுவலக வாசலில் ‘இங்கே மூளை மட்டுமே பயன்படுத்தப்படும்’ என்று ஒரு பலகை தொங்குகிறது. பெயர் அதிலிருந்து வந்தது. மச்சினன் அவர் மனைவியின் தம்பி, ஒரே உதவியாளன். அவனை வேலையிலிருந்து நீக்க மூளைக்காரருக்கு முழு அதிகாரம் உண்டு. அன்றிரவு வீட்டுக்குள் போகத்தான் அதிகாரம் இருக்காது.

மச்சினன் மடியில் ஒரு தகர டப்பா இருந்தது. அதற்குள் நான்கு ஒட்டுமீசை, இரண்டு தாடி, கண்ணாடியில்லாத மூக்குக் கண்ணாடி ஒன்று.

“அதைக் குப்பையில போடச் சொன்னேனே?”

“போட்டேன் மாமா. குப்பை வண்டி வரல. பாவமா இருந்துச்சு, எடுத்துட்டு வந்துட்டேன்.”

காரோட்டி வழி நெடுகக் கண்ணாடியில் அவர்கள் இருவரையும் முறைத்துக்கொண்டே வந்தார். அந்த நகரத்தில் அப்படித்தான். எல்லைக் கோடு ஒருமணி நேரத் தொலைவில் இருந்தது. கோட்டுக்கு இந்தப் பக்கம் இருப்பது தங்களுடையது என்று அவர்களும், அந்தப் பக்கம் இருப்பது நம்முடையது என்று நம்மவர்களும் சொல்லிக்கொண்டிருந்தார்கள். கோடு மட்டும் யாருக்கும் வேண்டியிருக்கவில்லை. தெருவுக்குத் தெரு அரசாங்கப் பலகை: ‘உங்கள் பக்கத்து வீட்டுக்காரர் உண்மையில் யார்?’ பக்கத்து வீட்டுக்காரர்கள் ஒருவரையொருவர் பார்த்துச் சிரிப்பதை நிறுத்தி வெகுகாலம் ஆகியிருந்தது.

இறங்கும்போது காரோட்டி கேட்டார்: “எந்த ஊரு நீங்க?”

“இதே ஊருதான்,” என்றான் மச்சினன்.

“எல்லாரும் அப்படித்தான் சொல்றாங்க,” என்று சொல்லிவிட்டு அவர் வண்டியை எடுத்தார்.

*

அந்தப் புத்தகக் கடை ஒரே சரக்கைத்தான் விற்றது. ஊடுருவல், வேவு, எல்லைத் தகராறு. அலமாரிகளுக்கு மேலே தலைப்புகள்: ‘அங்கே போனவர்கள்’, ‘அங்கிருந்து வந்தவர்கள்’, ‘போய்த் திரும்பாதவர்கள்’. மூன்றாவது அலமாரியின் புத்தகங்களை யார் எழுதியிருப்பார்கள் என்று மச்சினன் கேட்டான். கல்லாவில் இருந்தவர் சிரிக்கவில்லை.

கடையின் முதலாளிக்குக் கர்னல் என்று பெயர். அவர் படையில் இருந்ததில்லை. மீசை இருந்தது. எழுதிய ஏழு புத்தகங்களும் அவர் எல்லை தாண்டிப் போய், எதிரி நாட்டுப் புத்தகக் கடை ஒன்றில் ஒன்பது வருடம் விற்பனையாளராக நடித்து வேவு பார்த்த அனுபவங்கள். ரகசியம் காப்பதற்காக முன்னட்டையில் முதுகைக் காட்டி நிற்பார். பின்னட்டையில் முழுப் பக்கத்துக்கு முகம் இருக்கும்.

“உக்காருங்க,” என்றார் கர்னல். அறையில் இருந்த ஒரே நாற்காலியில் அவர் உட்கார்ந்திருந்தார்.

விஷயம் இதுதான். எட்டாவது புத்தகத்தின் கைப்பிரதி போன வாரம் மேசையிலிருந்து காணாமல் போய்விட்டது. கணினியில் இருந்ததும் அழிந்துவிட்டது. நல்லவேளையாக அதற்குள் அச்சாகி, கட்டுக்கட்டாகப் பின்பக்கக் கிடங்கில் வந்து இறங்கியிருந்தது. இன்று மாலை ஐந்து மணிக்கு மண்டபத்தில் வெளியீடு.

“உள்ள ஆள் இருக்கு,” என்றார் கர்னல். “அந்தப் பக்கத்து ஆள். கடையில வேலை பாக்கிறது மூணே பேரு. அதுல ஒண்ணு. சாயங்காலம் உள்துறை ஆளுங்க வேனோட மேடைக்கே வர்றாங்க. நீங்க பேரை மட்டும் சொல்லுங்க, நான் மேடையிலயே பிடிச்சுக் கொடுக்கிறேன். புத்தகம் வெளியீடு, கூடவே ஊடுருவி. இந்த மாதிரி விளம்பரம் யாருக்குக் கிடைக்கும்?”

“பிடிச்சதும் விசாரிப்பாங்களா?” என்றான் மச்சினன்.

“வேன்ல ஏத்துவாங்க.”

உள்துறை வேனில் ஏறித் திரும்பி வந்தவர் யாரும் இதுவரை புத்தகம் எழுதியதில்லை. அதற்கான அலமாரியும் கடையில் இல்லை.

“எதிரியை நீங்க சாதாரணமா நினைக்கக் கூடாது,” என்று கர்னல் எழுந்தார். “அவங்களுக்கும் நம்ம பாஷைதான், நம்ம முகம்தான். வாங்க, காட்டுறேன்.”

கடையின் கோடியில் கம்பிவலை போட்டுப் பூட்டிய அலமாரி ஒன்று இருந்தது. எதிரி நாட்டில் அச்சான புத்தகங்கள். அனுமதிச் சீட்டு உள்ளவர்கள் மட்டும் பார்க்கலாம். கர்னல் பூட்டைத் திறந்து, கழுத்தை வலப்பக்கம் சாய்த்து, வரிசையாக நின்ற புத்தக முதுகுகளைப் படித்துக்கொண்டே போனார். இன்னும் சாய்த்தார். இடுப்பையும் சேர்த்து வளைத்தார். ஏறக்குறையத் தலைகீழாக ஆனபோது ஒன்றை உருவி, மூளைக்காரரின் கையில் வைத்தார்.

“இது அவங்க ராணுவத்தோட பயிற்சிக் கையேடு. படிச்சா ரத்தம் கொதிக்கும்.”

மூளைக்காரர் திறந்தார். முதல் அத்தியாயம், குழந்தைக்குப் பல் முளைக்கும் பருவம்.

“ரத்தம் வரத்தான் செய்யும்,” என்றான் மச்சினன். “எங்க அக்கா பையன் என்னைக் கடிச்சிருக்கான்.”

“மாத்தி அடுக்கியிருக்காங்க!” என்று கர்னல் உறுமினார். “அலமாரி அக்கா எங்க? இந்தக் கடையில ஒருத்தருக்கும் துப்பில்ல!” கழுத்தைப் பிடித்துக்கொண்டே தன் அறைக்குப் போய்விட்டார்.

மூளைக்காரர் கம்பிவலை அலமாரியின் முன்னால் நின்றார். அவரும் கழுத்தை வலப்பக்கம் சாய்த்தார். எழுத்துகள் தலைகீழாகத் தெரிந்தன.

“மாமா, இப்படி,” என்று மச்சினன் தன் தலையை இடப்பக்கம் சாய்த்துக் காட்டினான். “நம்ம புத்தகத்துல முதுகெழுத்து மேலேருந்து கீழ இறங்குது. இவங்களுது கீழேருந்து மேல ஏறுது.”

மூளைக்காரர் அப்படியே உறைந்தார்.

கோடு போட்ட மறுவருடம், நம்மோடு எதிலும் ஒத்துப்போகக் கூடாது என்று அந்தப் பக்கத்து அச்சகத்தார் முதுகெழுத்தைத் திருப்பிவிட்டார்கள். திருப்பியது நம்மவர்கள்தான் என்று அவர்கள் சொல்கிறார்கள். அதிலும் தகராறு தீரவில்லை.

“மாப்ள,” மூளைக்காரரின் குரல் தாழ்ந்தது. “ஒரு ஆளை எல்லை தாண்டி அனுப்புறான். பேச்சு, நடை, துணி, செருப்பு எல்லாம் சொல்லிக்கொடுத்து அனுப்புறான். கழுத்துக்கு எவன் சொல்லிக்கொடுப்பான்?”

“கழுத்துக்கா?”

“அங்க இருந்து வந்தவனுக்குப் புத்தகம்னா கழுத்து இடப்பக்கம் சாயும். நம்மாளுக்கு வலப்பக்கம். சும்மா இருக்கும்போது மாத்திக்கலாம். பதறும்போது கழுத்து பழைய பக்கம்தான் போகும்.”

“அருமை மாமா. கண்டுபிடிச்சது நானு.”

“நீ பார்த்தே. கண்டுபிடிச்சது நான்.”

*

சோதனைக்கு அதிக நேரம் ஆகவில்லை. மூளைக்காரர் கல்லாக்காரரிடம் போய், மேல் தட்டிலிருந்து ஒரு புத்தகம் வேண்டும் என்று தலைப்பைச் சொன்னார். அவர் தேடத் தொடங்கிய நேரம் பார்த்து, மச்சினன் பின்னால் நின்று கனத்த புத்தகக் கட்டு ஒன்றைத் தரையில் போட்டான். கல்லாக்காரர் துள்ளினார். துள்ளிய கழுத்து வலப்பக்கம்தான் சாய்ந்திருந்தது. “கொழுப்பா?” என்று கேட்டுவிட்டுப் புத்தகத்தை எடுத்துக் கொடுத்தார்.

பார்சல் கட்டுகிறவர் கழுத்தைச் சாய்க்கவே இல்லை. “புத்தகம் எங்க இருக்குன்னு எனக்கென்ன தெரியும்? கட்டுறதுதான் என் வேலை,” என்று சணலைப் பல்லால் கடித்தார்.

மூன்றாவது, அலமாரி அக்கா. ஐம்பது வயதிருக்கும். சாம்பல் நிற மேலங்கி, நரைத்த முடியைச் சுருட்டிப் போட்ட கொண்டை. முக்காலி மேல் ஏறி நின்று தேடிக்கொண்டிருந்தார், கழுத்து வலப்பக்கம் சாய்ந்தபடி. மச்சினன் கட்டைப் போட்டான்.

அக்கா திரும்பிப் பார்க்கவில்லை. ஆனால் அவருடைய கழுத்து இடப்பக்கம் விழுந்தது. ஒரு நொடிகூட இல்லை. உடனே நிமிர்ந்து, வலப்பக்கம் வந்து, ஒன்றுமே நடக்காததுபோல் ஒரு புத்தகத்தை உருவியது அந்த உடம்பு.

மூளைக்காரரின் முகம் மலர்ந்தது. “பாத்தியா?” என்று உதட்டை மட்டும் அசைத்தார். “மீசை இல்ல, தாடி இல்ல. மூளை!”

அக்கா முக்காலியிலிருந்து இறங்கி, கேட்ட புத்தகத்தை அவர் நெஞ்சில் அழுத்தாத குறையாகக் கொடுத்தார். “கிடங்குல வேலை இருக்கு,” என்றார். “பேசணும்னா அங்க வாங்க.”

*

கிடங்கில் எட்டாவது புத்தகத்தின் கட்டுகள் கூரைவரை நின்றன. ஒவ்வொரு கட்டின் பக்கவாட்டிலும் கர்னலின் முதுகு. அலமாரி அக்கா கதவைச் சாத்தினார். கட்டு அறுக்கும் கத்தி ஒன்று அவர் கையில் இருந்தது. அதை அவர் மறைக்கவும் இல்லை, நீட்டவும் இல்லை.

“அங்கேயே நில்லுங்க,” என்றார். “எதைப் பார்த்தீங்க?”

“உங்க கழுத்தை,” என்றார் மூளைக்காரர். விளக்கமாகச் சொன்னார். தேவைக்கு மேலேயே விளக்கமாகச் சொன்னார். தன் மூளையின் பங்கு குறித்து இரண்டு முறை.

அக்கா கேட்டு முடித்துவிட்டு ஒருமுறை மூச்சு விட்டார். “இத்தனை வருஷத்துல இதை யாரும் பார்த்ததில்ல.”

“அப்போ ஒப்புக்கிறீங்க, அந்தப் பக்கத்து ஆளுன்னு.”

“நான் இந்த ஊர்லதான் பொறந்தேன். நம்ம ஆபீஸ்தான் என்னை அங்க அனுப்புச்சு. ஒரு புத்தகக் கடையில ஒன்பது வருஷம் வேலை பார்த்தேன்.”

மச்சினன் கட்டுகளின் மேல் இருந்த முதுகைப் பார்த்தான். பிறகு அக்காவைப் பார்த்தான். “இது கர்னலோட கதையாச்சே.”

“என் கதை. நான் அனுப்பின ரிப்போர்ட்டை ஆபீஸ் மாடியில உக்காந்து டைப் அடிச்சவர் அவர். எனக்கு அங்க பேர் கிடையாது, நம்பர்தான். அந்த நம்பரை வெட்டிட்டு ‘நான்’னு போட்டா ஏழு புத்தகம்.”

“நல்லா இருக்கு கதை,” என்றார் மூளைக்காரர் கடுமையாக. “மாட்டிக்கிட்ட எல்லாரும் நான் உங்க ஆளுதான்னு சொல்லுவாங்க. ஆதாரம்?”

“என்னை அனுப்பினவர் செத்துட்டார். ஆபீஸ் இடம் மாறிடுச்சு. ஆதாரம் இல்ல.”

“அப்போ நான் எதுக்கு நம்பணும்?”

“நம்பாதீங்க.” அக்கா கத்தியால் ஒரு கட்டின் சணலை அறுத்து, புத்தகம் ஒன்றை உருவி அவர் முன் வீசினார். “இவரோட முதல் புத்தகத்தைப் படிச்சிருக்கீங்களா? அதுல அவர் கடையில சேர்ந்த முதல் நாளே, கேட்ட புத்தகத்தைக் கண்ணை மூடிட்டு எடுத்துக் கொடுத்து முதலாளிகிட்ட நல்ல பேர் வாங்குவார். எனக்கு முதல் வாரம் ஒரு புத்தகம்கூடச் சரியா எடுக்க வரல. எல்லாம் தலைகீழாத் தெரிஞ்சுது. ராத்திரி கழுத்தைத் திருப்ப முடியாம அழுதிருக்கேன். அந்த முதலாளி என் காதைப் பிடிச்சுத் தலையை இடப்பக்கம் சாய்ச்சு விடுவார். இதெல்லாம் நான் ரிப்போர்ட்ல எழுதல. வெக்கமா இருந்துச்சு.”



‘நான் எழுதாதது அவருக்குத் தெரியாது’ என்று அக்கா சொல்லவில்லை. சொல்ல வேண்டியிருக்கவில்லை. கம்பிவலை அலமாரியின் முன்னால் கர்னல் வலப்பக்கம் சாய்ந்து, சாய்ந்து, தலைகீழாகப் போய்க் குழந்தை வளர்ப்பை உருவிய காட்சி மூளைக்காரரின் கண் முன்னால் முழுசாக ஒருமுறை ஓடியது. ஒன்பது வருடம் அங்கே புத்தகம் விற்றவரின் கழுத்து அது.

“அடப்பாவி,” என்றான் மச்சினன். “அந்தாளு அந்தப் பக்கம் எட்டிக்கூடப் பார்த்ததில்ல!”

மூளைக்காரர் தொண்டையைச் செருமிக்கொண்டார். தன் கண்டுபிடிப்பு இரண்டு பக்கமும் வெட்டும் என்பது அவருக்கு அப்போதுதான் தெரிந்தது. “கைப்பிரதியை எடுத்தது நீங்களா?”

“நான்தான். கணினியில அழிச்சுட்டு, இதை எரிச்சுட்டேன். ஆபீஸ்லேருந்து அவர் தூக்கிட்டு வந்திருந்த என் ரிப்போர்ட்டையும் சேர்த்து. அதுக்காகத்தான் இந்தக் கடையில வேலைக்கே சேர்ந்தேன். ஆனா எனக்கு முன்னாடி அச்சகம் முந்திருச்சு.”

“ஏழு புத்தகம் வந்தப்போ சும்மா இருந்தீங்களே? எட்டாவதுல அப்படி என்ன?”

 அக்காவின் குரல் மாறவில்லை, கத்திதான் மறுகைக்குப் போனது.

“நான் தங்கின வீடு வருது. மூக்குக் கண்ணாடி பண்றவர். ஆத்தங்கரை. ஒரு காது கேக்காது. எல்லாத்தையும் அப்படியே எழுதி வச்சிருக்கார். அந்த ஊர்ல ஒரு காது கேக்காத கண்ணாடிக்காரர் எத்தனை பேர் இருப்பாங்க? புத்தகம் நாளைக்குக் கடைக்குப் போனா, அடுத்த நாள் அவங்க உள்துறைக்குப் போயிடும். அங்கயும் வேன் இருக்கு.”

“அவருக்கு நீங்க யாருன்னு தெரியுமா?”

“தெரியாது. வேவுக்காரிக்கு இடம் கொடுத்தோம்னு அவருக்கு இன்னிக்கு வரைக்கும் தெரியாது.” நிறுத்தினார். “தங்கின இடத்தை ரிப்போர்ட் பண்ணணும்னு விதி. பண்ணேன். அவரைக் கட்டிக்கிட்டதைப் பண்ணல. பொண்ணு பொறந்ததையும் பண்ணல. திரும்பி வரச் சொல்லி உத்தரவு வந்துச்சு, வந்தேன். அந்த மாசமே எல்லைக் கோட்டை மூடிட்டாங்க.”

மச்சினன் வாயைத் திறந்தான். எந்த நகைச்சுவையும் வராததால் மூடிக்கொண்டான்.

“சரி,” என்று மூளைக்காரர் சட்டையை இழுத்துவிட்டுக்கொண்டார். “இதுக்குக் கத்தி வேண்டாம்மா. பத்தே நிமிஷம். போய்ப் பேசிட்டு வர்றேன். மூளை இருக்கு.”

*

பத்து நிமிடம் ஆகவில்லை.

“கர்னல்,” என்றார் மூளைக்காரர், அறைக் கதவைச் சாத்திவிட்டு. “கம்பிவலை அலமாரியிலேருந்து ஒரே ஒரு புத்தகம் எடுத்துக் கொடுங்க. கேட்ட புத்தகத்தை.”

கர்னலின் கை தானாகக் கழுத்துக்குப் போனது. மூளைக்காரர் அதைப் பார்த்துப் புன்னகைத்தார். முதுகெழுத்து, இடப்பக்கம், வலப்பக்கம், ஒன்பது வருடம் என்று அழகாக அடுக்கினார். அக்காவைப் பற்றி மூச்சுவிடவில்லை. கடைசியில் சொன்னார்: “இந்தப் புத்தகம் வெளிய போகாது. போனா, சாயங்காலம் மேடையில உங்க கழுத்தைப் பத்தி நான் பேசுவேன்.”

 கர்னல் நிதானமாக மீசையை நீவிக்கொண்டு சிரித்தார்.

“பேசுங்களேன்.”

“என்ன?”

“நான் போகல. சரி. ஆபீஸ் மாடியில டைப் அடிச்சேன், காத்தாடிக்குக் கீழ. ஒத்துக்கிறேன். ஆனா மேடையில அதைச் சொன்னீங்கன்னா, கூட்டம் ஒரு கேள்வி கேக்கும். அப்போ போனது யாரு? யாரோ ஒருத்தர் போயிருக்கணும்ல? கூட்டிட்டு வந்து மேடையில நிறுத்துங்க. வேன் ரெடியா நிக்கும். என் வேலையும் மிச்சம்.”

மூளைக்காரர் சட்டைப் பொத்தானைத் திருகினார்.

“என்ன மூளைக்காரரே? மூளை எங்க?” கர்னல் எழுந்து வந்து அவர் தோளைத் தட்டினார். நட்பாக இல்லை. “உங்க முகத்தைப் பார்த்தாலே தெரியுது, ஆள் யாருன்னு கண்டுபிடிச்சிட்டீங்க. அஞ்சு மணிக்குள்ள பேரைச் சொல்லுங்க. சொல்லாட்டி, மூணு பேரையும் ஏத்தச் சொல்லுவேன். நாலாவதா உங்களையும். மூணு மணிக்குப் புத்தகத்தை மண்டபத்துக்கு ஏத்த லோடு வண்டி வருது, நான் வெளிய இருப்பேன். போய் யோசிங்க.”

மூளை பதில் சொல்லாமல் மூளைக்காரர் நின்றது அதுவே முதல் முறை அல்ல. அதை அவர் தனக்குள் ஒப்புக்கொண்டது முதல் முறை.

*

கிடங்கில் அவர் ஒரு கட்டின்மேல் உட்கார்ந்து, நடந்ததைச் சொன்னார். உண்மையைச் சொன்னால் அக்கா மாட்டுவார். சொல்லாவிட்டால் கண்ணாடிக்காரரும் அவர் மகளும். எந்தப் பக்கம் திருப்பினாலும் வேன் நின்றது.

“பேசிப் பிரயோஜனமில்லன்னு எனக்குத் தெரியும்,” என்றார் அக்கா. “மூணு மணி வண்டி வர்றதுக்கு முன்னாடி வேற ஒரு வண்டி வந்து ஏத்திட்டுப் போயிடணும். நேரா காகித ஆலை. கூழாயிட்டா முடிஞ்சுது. ரகசியம்னு அச்சகத்துலகூட அவர் பிரதி வைக்க விடல, மறுபடி எழுத அவர்கிட்டயும் ஒண்ணும் இல்ல. அந்தத் தெரு எப்படி இருக்கும்னுகூட அவருக்குத் தெரியாது.”

“என் சிநேகிதன் ஒருத்தன் காய்கறி வேன் வச்சிருக்கான்,” என்றான் மச்சினன். “கேட்டா சாவியைக் கொடுப்பான். காரணம் கேக்க மாட்டான், அவனுக்கு மூளை கிடையாது.”

“ஓட்டுறது நீ. ஏத்துறது யாரு? கர்னல் வாசல்லயே நிப்பார். நம்ம ரெண்டு பேர் முகமும் அவருக்குத் தெரியும்,” என்றார் மூளைக்காரர்.

“ஓட்டுறவன் உள்ள உக்காந்திருப்பான், தொப்பி போட்டா தெரியாது,” என்றார் அக்கா. பிறகு மூளைக்காரரை மேலும் கீழும் பார்த்தார், விலைபோகாத பழைய புத்தகத்தைப் பார்ப்பதுபோல். “நீங்க ஏத்துங்க.”

“நானா? அவர் என்னை இப்பதான் தோள்ல தட்டினார்!”

“அவர் தட்டினது இஸ்திரி போட்ட சட்டையை. மூட்டை தூக்குறவங்க முகத்தை இந்தக் கடைக்கு வந்த நாள்லேருந்து அவர் பார்த்ததில்ல. சட்டையைக் கழட்டுங்க. கிடங்குல அழுக்கு பனியன் தொங்குது. குனிஞ்சே இருங்க, கேட்டா மட்டும் பதில் சொல்லுங்க. ஒன்பது வருஷம் நான் இதைத்தான் பண்ணேன். மீசை கீசை ஒண்ணும் வேண்டாம்.”

மச்சினன் டப்பாவை மெதுவாக முதுகுக்குப் பின்னால் கொண்டுபோனான். மூளைக்காரர் அந்தப் பக்கம் பார்க்கவே இல்லை.

“மாறுவேடம்னு நினைக்காதீங்க மாமா,” என்றான். “மூளை வெளிநடப்புன்னு வச்சுக்கோங்க.”

“வண்டியை எடுத்துட்டு வாடா.”

*

காய்கறி வேன் இரண்டரை மணிக்குக் கிடங்கின் வாசலுக்குப் பின்னோக்கி வந்து நின்றது. வெங்காயச் சருகு பறந்தது. கர்னல் வெளியே வந்து, “என்ன இன்னிக்குச் சீக்கிரம்?” என்றார். ஓட்டுநர் ஜன்னலில், தொப்பிக்குப் பக்கத்தில் ஒரு கை ஆடியது. அவர் அதற்குமேல் கேட்கவில்லை. தெருவுக்கு அந்தப் பக்கம் ஏற்கெனவே பத்துப் பதினைந்து பேர் கூடி நின்றார்கள். ஊடுருவியைப் பிடிக்கப் போகிறார்கள் என்று யாரோ சொல்லியிருந்தார்கள். ஒருவர் கையில் கல் இருந்தது. வேறு வேலை இல்லாததால் அதைத் தூக்கிப் போட்டுப் பிடித்துக்கொண்டிருந்தார்.

கிடங்குக்குள், கட்டுகளின் மறைவில், அழுக்குப் பனியனோடு நின்றிருந்த மூளைக்காரர் ஜன்னல் வழியாக மச்சினனைக் கையசைத்து அழைத்தார்.

“மாப்ள.”

“என்ன மாமா?”

“அந்த... அது.”

“எது மாமா?”

“அதான்டா. டப்பா.”

மச்சினன் ஒன்றும் சொல்லவில்லை. அவனுடைய வாழ்க்கையில் அது கடினமான சாதனை. டப்பாவை ஜன்னல் வழியாக நீட்டினான்.

சற்று நேரத்தில் ஒரு மீசைக்காரர் தோளில் கட்டோடு வெளியே வந்தார். குனிந்து நடந்தார். கட்டை வேனில் வைத்தார். திரும்பினார். இரண்டாவது கட்டு. மூன்றாவது கட்டு. அவர் முதுகு பலகையால் அடித்ததுபோல் வலித்தது. மீசையின் பசை மூக்குக்குள் எரிந்தது.

“ஏய் மீசை!” என்றார் கர்னல்.

மீசைக்காரர் நின்றார். வேனுக்குள் தொப்பி அசையாமல் இருந்தது.

“கட்டைத் தலைகீழா வைக்காதே. அட்டை மடங்கும்.”

“சரிங்கய்யா.”

“உள்ள ஒரு மூளைக்காரன் இருக்கானா பாரு. வெள்ளைச் சட்டை.”

“யோசிச்சுக்கிட்டிருக்காருங்கய்யா.”

“யோசிப்பான், யோசிப்பான். முட்டாப்பய.”

மீசைக்காரர் கட்டை ஒரு தோளிலிருந்து இன்னொரு தோளுக்கு மாற்றினார். “ஆமாங்கய்யா,” என்றார்.

பாதிக் கட்டு ஏறிய பிறகு, அலமாரி அக்காவும் ஒரு கட்டைத் தூக்கிக்கொண்டு வந்தார். “சீக்கிரம் முடியட்டும்னு,” என்றார் கர்னலிடம். கட்டோடு வேனில் ஏறினார். இறங்கவில்லை. கர்னல் கட்டுகளை மட்டும் எண்ணிக்கொண்டிருந்தார்.

கடைசிக் கட்டையும் வைத்து, கதவைச் சாத்தி, மீசைக்காரர் முன்னால் வந்து ஏறிக்கொண்டார். வேன் கல் வைத்திருந்தவரைக் கடந்து போனது. அவர் உள்ளே எட்டிப் பார்த்தார். தொப்பியையும் மீசையையும் மட்டும் பார்த்துவிட்டு, கல்லை மறுபடி தூக்கிப் போட்டுப் பிடித்தார்.

“எங்க இறக்கி விடணும்?” என்றான் மச்சினன், பின்பக்கம் பார்த்து.

“ஆலைக்கு முன்னாடி ஒரு வளைவுல. ஓடிட்டது நான்னு தெரிஞ்சதும் மத்த ரெண்டு பேரையும் விட்டுடுவாங்க,” என்றது கட்டுகளுக்கு நடுவிலிருந்து அக்காவின் குரல்.

“அப்புறம் எங்க போவீங்க?”

“உங்ககிட்ட சொன்னா, உங்க மாமாவோட மூளைக்குப் போயிடும்.”

மச்சினன் சிரித்தான். முதல் தெரு முடிந்தது. இரண்டாவது தெருவும் முடிந்தது. பின்னால் யாரும் வரவில்லை.

“மாமா,” என்றான் மெதுவாக. “தாண்டியாச்சு. இப்ப அதை எடுத்துடலாம்.”

தூரத்தில் ஆலைச் சாலையின் குறுக்கே கம்பு போட்டிருந்தார்கள். கம்புக்கு இரண்டு பக்கமும் துப்பாக்கிக்காரர்கள், ஒவ்வொரு வண்டியையும் நிறுத்தி முகம் முகமாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

மூளைக்காரர் பக்கக் கண்ணாடியைத் தன் பக்கம் திருப்பினார். மீசையின் இடது நுனி சற்றே கிளம்பியிருந்தது. ஆள்காட்டி விரலை நாக்கில் தொட்டு, அதை நன்றாக அழுத்தி ஒட்டிக்கொண்டார்.